நாற்பதாவது லெவலில் ஒரு கழுதை

“போச்சு,” என்றான் ரூபேஷ்.

திரை கறுத்துவிட்டது. கழுதையின் இரண்டு கண்கள் மட்டும் கொஞ்ச நேரம் வெள்ளையாகத் தெரிந்தன. பிறகு அவையும் மறைந்தன.

பள்ளி விட்டு, மரியகுழந்தை அண்ணனின் ஸ்கூல் ஆட்டோ குலுங்கிக்கொண்டே வீட்டுப் பக்கம் போனது. பின் சீட்டில் மூன்று தலைகள் ஒரே வீடியோ கேம் மேல் கவிழ்ந்திருந்தன. நடுவில் ரூபேஷ், ஆறாம் வகுப்பு. இந்தப் பக்கம் நேத்ரா, ஐந்தாம் வகுப்பு. அந்தப் பக்கம் நளினி, இரண்டாம் வகுப்பு. கேம் நேத்ராவுடையது. தினமும் ரயிலில் பெங்களூருக்கு வேலைக்குப் போகும் அவள் அப்பா, அங்கே ஒரு பழைய பொருள் கடையில் வாங்கி வந்தது. உள்ளங்கை அளவுதான் இருக்கும். ஆனால் அதற்குள் ஒரு சுரங்கமே இருந்தது.

மூன்று பேரும் ஷிஃப்ட் போட்டு விளையாடினார்கள். கோலார் தங்கச் சுரங்க ஊரான கே.ஜி.எஃப். பிள்ளைகளுக்கு ஷிஃப்ட் என்றால் என்னவென்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. காலையில் மைசூர் மைன்ஸ் குடியிருப்பில் வண்டி ஏறியதிலிருந்து சுரங்க வாய்மேல் துருப்பிடித்து நிற்கும் ஷாஃப்ட் கோபுரம் வரை நேத்ரா. கோபுரத்திலிருந்து, சுரங்கத்து மண்ணைக் கொட்டிக் கொட்டி மலையாகிப்போன சயனைடு மேடு வரை ரூபேஷ். மேட்டிலிருந்து ராபர்ட்சன்பேட்டை பள்ளி வாசல் வரை நளினி. சாயங்காலம் அப்படியே தலைகீழ். கை மாறும்போது, எண்ணெய் எவ்வளவு இருக்கிறது, கழுதை எங்கே நிற்கிறது என்று அடுத்தவரிடம் சொல்லிவிட்டுத்தான் கொடுக்க வேண்டும்.

இன்னொரு சட்டமும் உண்டு. அவரவர் ஷிஃப்ட்டில் அவரவர் வைத்ததுதான் சட்டம். மற்றவர்கள் பட்டனில் கை வைக்கக் கூடாது. ரூபேஷின் விரல் சும்மா இருக்காது என்பதால் நேத்ராவே போட்ட சட்டம் அது.

“மறுபடியும் ஸ்டார்ட் பண்ணு,” என்றாள் நேத்ரா.

“பண்ணா மட்டும் இன்னா ஆவப் போவுது? அதே எடம், அதே எண்ணெய். எத்தினி வாட்டி பாக்கறது?”

அவன் சொன்னதில் தப்பில்லை. மஞ்சள் தொப்பி போட்ட ஒரு குட்டி மனிதன் தரையைத் தோண்டிக்கொண்டே தங்கம் தேடிப் போவதுதான் ஆட்டம். மூன்றாவது லெவலில் ஒரு சாம்பல் நிறக் கழுதை கூடச் சேர்ந்துகொள்ளும். விளக்குக்கு எண்ணெய் சுமப்பது அதுதான். ஒவ்வொரு லெவல் இறங்கும்போதும் ஆட்டம் தானாகவே சேவ் ஆகிவிடும். ஒரே ஒரு சேவ்தான். முந்தையது அழிந்துவிடும்.

வேறு ஊர்ப் பிள்ளைகள் எப்படித் தோண்டியிருப்பார்களோ தெரியாது. இவர்களுக்குச் சுரங்கம் என்றால் நேர் கீழே போவதுதான். பக்கவாட்டில் யாராவது ஒரு கல்லைத் தொட்டால்கூட, “இது இன்னாது, எலி வளையா?” என்று ரூபேஷ் கேலி செய்வான். மூன்று பேருமாக நாற்பதாவது லெவல் வரை குண்டூசி குத்தியது மாதிரி நேராக இறங்கினார்கள். அங்கே பெரிய தங்கக் கட்டியும் கிடைத்தது. அதன் பிறகுதான் ஆட்டம் சொன்னது, இனி இதை மேலே கொண்டு போ என்று.

மேலே போக வழி இல்லை. ஊரில் இருந்த சுரங்கத்தில் ஆட்களை ஏற்றி இறக்க கேஜ் என்ற இரும்புக் கூண்டு இருந்தது. இந்த ஆட்டத்தில் அது கிடையாது. எண்ணெயோ சொட்டுத்தான் பாக்கி. கொஞ்ச நேரத்தில் இருட்டு. மறுபடி ஆரம்பித்தால் மறுபடி அதே இருட்டு.

“இன்னிக்கு என் ஷிஃப்ட் முடிஞ்சிச்சு. நாளைக்குக் காலையில என் ஷிஃப்ட்டுல அழிச்சிட்றேன்,” என்றான் ரூபேஷ். “புதுசா ஆரம்பிக்கலாம். சும்னே எதுக்கு இதைக் கட்டிகினு அழுவணும்?”

“அப்ப பட்டாணி?” என்றது ஒரு சின்னக் குரல்.

நளினிதான். ஆட்டோவில் சேர்ந்த புதிதில் அவள் வாயே திறக்கவில்லை. வறுத்த பட்டாணியைக் கொறித்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்திருப்பாள். கழுதை முதன்முதலில் திரையில் வந்த அன்றுதான், “இதுக்குப் பட்டாணின்னு பேர் வெக்கலாமா?” என்று கேட்டாள். அவள் பேசிய முதல் வார்த்தையே அது என்பதால் ரூபேஷ்கூட மறுக்கவில்லை.

“அது சும்மா படம்,” என்றான் ரூபேஷ் இப்போது.

நளினி தன் வீடு வந்ததும் இறங்கிப் போனாள். தண்ணீர் பாட்டிலை சீட்டிலேயே விட்டுவிட்டாள்.

பாட்டிலைக் கொடுக்க நேத்ரா சாயங்காலம் அவள் வீட்டுக்குப் போனாள். கேமையும் கையோடு எடுத்துப் போனாள்.

“வா நேத்ரா,” என்றார் நளினியின் அம்மா ராதா. “ஸ்கூல்ல இன்னா நடந்துச்சு? வந்ததுலேருந்து ஒரு வாய் சாப்பிடல. கேட்டா, பட்டாணி கீழ நிக்குதுங்கறா. எந்தப் பட்டாணி, எங்க கொட்டிச்சுன்னே எனக்குப் புரியல.”

நேத்ராவுக்குச் சிரிப்பு வந்தது. உள்ளே போய் நளினியின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

நளினி சுவர் ஓரமாகக் கால்களைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவள் தலைக்கு மேலே மாலை போட்ட ஒரு படம். அவள் அம்மாவின் அப்பா. சுரங்கத்தில் பாறை சரிந்த அன்று வேலைக்கு இறங்கினார், மேலே வரவில்லை. அந்தப் பகுதியில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தான். அந்தப் படத்தை நேத்ராவும் பல முறை பார்த்திருக்கிறாள். இன்றைக்குத்தான் சரியாகப் பார்த்தாள்.

“நேத்ராக்கா, கேமை ஆஃப் பண்ணாலும் பட்டாணி அங்கயேதான நிக்கும்?”

நேத்ரா அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். “வா, இன்னொரு வாட்டி பாக்கலாம்.”

பார்த்தார்கள். இருட்டு. மறுபடி. இருட்டு. நேத்ராவின் கட்டைவிரல் வியர்த்து பட்டனில் வழுக்கியது. ஒவ்வொரு முறையும் எண்ணெய் தீரும் நேரத்தில் நளினி கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

அடுத்த முறை நேத்ரா அவசரத்தில் தப்பான கல்லை உடைத்துவிட்டாள். உடைந்ததில் மிச்சம் மூலையில் பாதி உயரத்துக்கு ஒரு மேடு மாதிரி நின்றது. அவள் ‘ச்சே’ என்று சொல்வதற்குள் கழுதை தானாக நடந்து போய் அதன்மேல் ஏறிக்கொண்டது.

“அக்கா, பட்டாணி ஏறிச்சு.”

“ஏறிச்சு,” என்றாள் நேத்ரா.

படி. இந்த ஆட்டத்துக்குக் கேஜும் வேண்டாம், ஏணியும் வேண்டாம். படி படியாகத் தோண்டிக்கொண்டு இறங்கியிருந்தால் கழுதையும் மனிதனும் நடந்தே மேலே வந்திருப்பார்கள். முதல் லெவலிலிருந்தே அப்படி இறங்கியிருக்க வேண்டும். இங்கே நாற்பதாவது லெவலில் சுற்றிலும் உடையாத கரும்பாறை. உடைகிற கல் அந்த ஒன்றுதான். திரை மறுபடி கறுத்தது.

வீட்டுக்குத் திரும்பி நடக்கும்போது நேத்ரா அதையே யோசித்தாள். ரூபேஷ் சொன்னதுதான் சரி. அழிக்காமல் வேறு வழியே இல்லை. ஆனால் நாளை காலை அவன் ‘சும்மா படம்’ என்று சொல்லிவிட்டு பட்டனை அமுக்குவான். நளினி பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பாள்.

கேமை வீட்டிலேயே வைத்துவிட்டு மறந்துவிட்டேன் என்று சொல்லிவிடலாமா? சொல்லலாம். நாளைக்குச் சொல்லலாம், நாளன்றைக்கும் சொல்லலாம். அதுவரை பட்டாணி இருட்டில் நிற்கும், நளினி சாப்பிட மாட்டாள்.

காலையில் கேமைப் பையில் போட்டுக்கொண்டு ஆட்டோவில் ஏறினாள். தன் ஷிஃப்ட்டில் அதை ஆன் செய்யவே இல்லை.

“நளினி, நான் சொல்றதைக் கேளு. இப்ப இருக்கற எடத்துலேருந்து பட்டாணியால மேல வரவே முடியாது. நாமதான் வழி வெக்காம தோண்டிட்டோம். முதல்லேருந்து போனா படி வெச்சி எறங்கலாம். மூணாவது லெவல்ல பட்டாணி இருக்கும்.”

“கீழ இருக்கற பட்டாணி?”

நேத்ராவுக்குப் பொய் சொல்வது சுலபமாக இருந்திருக்கும்.

“அது இருக்காது,” என்றாள்.

நளினி வெளியே பார்த்தாள். ஷாஃப்ட் கோபுரம் வந்துவிட்டது. ரூபேஷ் கையை நீட்டினான்.

“என் ஷிஃப்ட்டு. குடு.”

“ரூபேஷ், ஒரு நிமிஷம்.”

“ரூல் போட்டது நீதானே?”

நேத்ரா கேமைக் கொடுத்துவிட்டாள். அவன் ஆன் செய்தான். ‘புதிய ஆட்டம்’ என்ற இடத்துக்குப் போனான். பழைய ஆட்டம் அழிந்துவிடும், சரியா என்று திரை கேட்டது. அவன் கட்டைவிரல் பட்டனுக்கு மேலே போய் நின்றது.

“ஷிஃப்ட் மாத்திக்கோ,” என்றாள் நேத்ரா அவசரமாக. “நளினியோடத நீ எடுத்துக்கோ. உன்னோடத அவளுக்குக் குடு. உங்க தாத்தாகூட சுரங்கத்துல மாத்திக்குவாருன்னு சொல்லுவ இல்ல?”

“அது கல்யாணம் காட்சின்னா மாத்திக்குவாங்க. கழுதைக்கெல்லாமா?”

“கழுதைக்குத்தான் கேக்கறேன்.”

ரூபேஷ் நளினியைப் பார்த்தான். அவள் அழவில்லை. அழுதிருந்தால் அவன் கேலி செய்திருப்பான். அவள் அவனுடைய கட்டைவிரலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“சரி,” என்று கேமை அவள் மடியில் வைத்தான். “மேடு வர்ற வரைக்கும்தான். அப்பால நானே அமுக்கிடுவேன்.”

ஆட்டோ ஓடிக்கொண்டிருந்தது. நளினி இரண்டு கைகளாலும் கேமைப் பிடித்துக்கொண்டிருந்தாளே தவிர ஒன்றும் செய்யவில்லை. திரை அதே கேள்வியைக் கேட்டபடி இருந்தது. தூரத்தில் சயனைடு மேடு வெள்ளையாகத் தெரிந்தது. மரியகுழந்தை அண்ணன் வழக்கம்போல அவசரமாகப் போனார். ஒரு நாளாவது ஒரு லாரி குறுக்கே வரக் கூடாதா என்று நேத்ராவுக்கு ஆத்திரமாக வந்தது.

“அழிச்சிட்டா, பட்டாணி இருட்டுல நிக்காது இல்லக்கா?”

“நிக்காது.”

“புதுப் பட்டாணிக்கு நம்மளத் தெரியுமா?”

“தெரியாது. ஆனா உனக்குத் தெரியுமே, அது எங்க இருக்கும்னு.”

மேடு நெருங்கிவிட்டது. ரூபேஷ் கையை நீட்டப் போனான். நளினி திரைக்குப் பக்கத்தில் குனிந்து, “போய்ட்டு வா,” என்றாள். பட்டனை அமுக்கினாள்.

திரை வெறுமையானது. பிறகு சின்னதாக ஒரு மணிச் சத்தம். நீல வானம், பச்சைத் தரை, அதன்மேல் மஞ்சள் தொப்பி மனிதன் தனியாக நின்றான்.

மாற்றிக்கொண்டபடி இப்போது ரூபேஷின் ஷிஃப்ட். அவன் வாங்கின கையோடு நேராகக் கீழே தோண்டினான்.

“படி,” என்றார்கள் இரண்டு பேரும்.

“பழக்கம் விட மாட்டேங்குது,” என்று அவன் முனகினான். ஆனால் படி வைத்தான். முதல் லெவல். இரண்டாவது. மூன்றாவது லெவலில் இறங்கினான். வலப்பக்கம் உடைத்தான். கல். இடப்பக்கம் உடைத்தான். கல்.

“இங்கதான் இருந்துச்சு,” என்றான். இன்னும் இரண்டு கல்லை உடைத்தான். விளக்கு மங்கத் தொடங்கியது. ரூபேஷின் நெற்றியில் வியர்வை. “நேத்ரா, இங்கதான இருந்துச்சு? நான் நல்லாப் பாத்தேனே.”

நேத்ரா திரையை உற்றுப் பார்த்தாள். இந்த முறை வேறு மாதிரி வந்துவிட்டதோ? மூன்றாவது லெவலில் இருக்கும் என்று அவள்தான் சொன்னாள். நளினியைத் திரும்பிப் பார்க்கவே பயமாக இருந்தது.

பள்ளி வாசல் வந்துவிட்டது. மணி அடிக்கும் நேரம். மரியகுழந்தை அண்ணன் யாருக்காகவும் நிற்காதவர். அவர் கண்ணாடியில் பின் சீட்டைப் பார்த்தார். இன்ஜினை அணைத்தார்.

“வண்டியில ஏதோ சத்தம் வருது. பாக்கணும்,” என்று சொல்லிவிட்டு இறங்காமல் உட்கார்ந்திருந்தார்.

“தண்ணி சொட்டற எடம்,” என்றாள் நளினி திடீரென்று. “பட்டாணி அங்க தண்ணி குடிச்சிகினு இருந்துச்சு. நீங்க தங்கத்தைப் பாத்தீங்க. நான் அதைத்தான் பாத்தேன்.”

ரூபேஷ் அசையாமல் காது கொடுத்தான். கேமின் ஓரத்திலிருந்து மெல்லிய சொட்டு சொட்டுச் சத்தம். சத்தம் வந்த பக்கமாகத் தோண்டினான். விளக்கில் கடைசித் துளி. இன்னும் ஒரு கல்லை உடைத்தான்.

இரண்டு சாம்பல் நிறக் காதுகள்.

கழுதை திரும்பிப் பார்த்தது. அதன் முதுகில் எண்ணெய்ப் பீப்பாய். விளக்கு பளிச்சென்று எரிந்தது.

“இருக்கு,” என்றான் ரூபேஷ். உடனே தொண்டையைக் கனைத்துக்கொண்டான். “சும்மா படம்தான். ஆனா இருக்கு.”

“சத்தம் நின்னுடுச்சு, எறங்குங்க,” என்றார் மரியகுழந்தை அண்ணன்.

அன்று மாலை திரும்பும்போது முதல் ஷிஃப்ட் நளினியுடையது. காலியான டிபன் பாக்ஸ் அவள் பைக்குள் கடகடவென்று ஆடியது. அவள் வாயில் வறுத்த பட்டாணி, கையில் கேம். வழி நெடுக மெதுவாக, ஒவ்வொரு படியாக வெட்டினாள். இரண்டு லெவல்கூடத் தாண்டவில்லை. ரூபேஷுக்குப் பொறுமை இல்லைதான். ஆனாலும் சட்டம் சட்டம். கையைத் தொடைக்குக் கீழே வைத்துக்கொண்டு அதன்மேல் உட்கார்ந்திருந்தான்.

சயனைடு மேடு வந்தது. நளினி கேமை அவனிடம் நீட்டினாள்.

“எண்ணெய் முக்கால் இருக்கு. பட்டாணி பின்னால வருது,” என்றாள். பிறகு மேஸ்திரி மாதிரி ஒரு விரலை உயர்த்தி, “மேல வர்றதுக்கு வழி இருக்கு. மூடிடாத,” என்றாள்.

“சரிங்க மேஸ்திரி,” என்று சொல்லி ரூபேஷ் இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டான்.