காமிராவைப் பார்க்காதீங்க

ஆளில்லாத சமையலறையின் ஒலிப்பதிவில் யாரோ மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

சங்கரி ஹெட்ஃபோனை அழுத்திப் பிடித்துக்கொண்டு மறுபடியும் கேட்டாள். எந்த வீட்டில் ஆவணப்படம் எடுத்தாலும், கடைசியில் எல்லோரையும் வெளியே அனுப்பிவிட்டு அந்த அறையின் வெறும் அமைதியை ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்வது அவள் வழக்கம். படத்தொகுப்பில் ஒட்டுப்போட உதவும். இது, மாயம்மாளை அடக்கம் செய்த மறுநாள், பூட்டிக் கிடந்த வீட்டைத் திறந்து அவள் தன்னந்தனியாக நின்று எடுத்தது.

கொச்சி மட்டாஞ்சேரியில் மூன்று நாளாக விடாத மழை. கீழே குடோனிலிருந்து சுக்கும் மிளகும் ஈரச்சாக்குமாகக் கலந்த வாடை அவளுடைய மாடி அறைக்கு ஏறி வந்துகொண்டிருந்தது. மதியம் மூன்று மணிக்கே விளக்குப் போட வேண்டியிருந்தது.

மாயம்மாள் மாநகராட்சியின் பச்சைக் கோட்டு போட்டுத் தெருக்கூட்டியவள். அவளைப் படமெடுக்கத் தொடங்கிய முதல் நாளே சங்கரி கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள்.

"நான் இங்க இல்லேன்னே நினைச்சுக்கோங்க அக்கா. காமிராவைப் பார்க்காதீங்க. என்கிட்டப் பேசாதீங்க."

"செரி மோளே" என்று சிரித்த அந்த மனுஷி, பத்து மாதமும் சொன்ன சொல் தவறவில்லை. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சுவரோரம் சரிந்து உட்கார்ந்த அந்தக் காலையிலும் காமிராவைப் பார்க்கவில்லை. களைப்பு என்று நினைத்தாள் சங்கரி. ஆவி பறக்கும் சாயா கிளாஸ், சன்னல் வெளிச்சம், அசையாத முகம். நல்ல ஷாட் என்று நான்கு நிமிடம் எடுத்தாள். பாவி, நான்கு நிமிடம்!

போன் அடித்தது. மாயம்மாளின் மகள் அம்பிளி.

"சேச்சி, பள்ளுருத்தியில பஸ் ஏறியாச்சு. படத்துல அம்மைய ஒருக்கா காணணும், அவ்வளவு மதி." குரல் உடைந்தது. "அன்னைக்கு நீங்க வரும்போதே அம்மைக்கு உயிரில்ல, அல்லே?"

"ஆமாம்மா" என்றாள் சங்கரி. ஆஸ்பத்திரியிலும் இதே பொய்யைத்தான் சொல்லியிருந்தாள்.

அந்தப் பெண் படியேறுவதற்குள் அந்த நான்கு நிமிடம் இல்லாமல் போக வேண்டும். கதவைத் தாழிட்டாள். அழித்தாள். திரை வெறுமையானது.

மூச்சுச் சத்தம் நிற்கவில்லை.

ஹெட்ஃபோனைக் கழற்றினாள். இப்போது அது அறைக்குள் கேட்டது. இழுத்து இழுத்து, இடையிடையே நின்று, மறுபடி இழுத்து. கூடவே சூடான சாயா வாசனை. இந்த அறையில் அடுப்பே கிடையாது.

நெஞ்சுக்குள் ஏதோ சுருக்கென்று பிடித்தது. எழுந்தாள். சுவரோடு சரிந்தாள்.

எதிர் மூலையில், அவள் துணிபோட்டு மூடிவைத்திருந்த காமிரா.

துணி இல்லை. சிவப்பு விளக்கு எரிந்தது.

பின்னால் ஒரு பச்சைக் கோட்டு. குனிந்த தலை. வியூஃபைண்டரில் ஒற்றைக் கண்.

"அக்கா... யாரையாவது கூப்பிடுங்க."

அந்தக் கண் வியூஃபைண்டரை விட்டு விலகவில்லை.

வலியைவிட அந்த நினைப்புதான் தாங்கவில்லை. ஒரே ஓர் எட்டு. அன்று அவள் எடுத்து வைத்திருக்கலாம்.

படியில் செருப்புச் சத்தம். கதவு தட்டப்பட்டது.

"சேச்சி? நான்தான், அம்பிளி."

சங்கரி வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை.

மகளின் குரலுக்கு அந்தத் தலை லேசாக அசைந்தது. திரும்பவில்லை. காமிராவில் ஒட்டியிருந்த கன்னத்தில் கண்ணீர் இறங்கிக்கொண்டிருந்தது. துடைப்பம் பிடித்துக் காய்த்துப்போன விரல்கள், சங்கரியின் முகம் தெளிவாகத் தெரியும்படி, லென்ஸை மெல்லத் திருகின.