ஒரு லோரி, இரண்டு திருவிழா

ரூபினி எழுதிய வரியை யாரோ மறுபடியும் மாற்றிவிட்டார்கள். இது நான்காவது முறை.

ரூபினி செம்பாறைத் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஐந்தாம் ஆண்டு படிக்கிறாள். இணையத்தில் ஒரு கலைக்களஞ்சியம் உண்டு. அதில் யார் வேண்டுமானாலும் எழுதலாம், அடுத்தவர் எழுதியதைத் திருத்தவும் செய்யலாம். கணினி வகுப்பில் மோகனா டீச்சர் எல்லோருக்கும் அதில் கணக்குத் தொடங்கிக் கொடுத்திருந்தார். சொந்தப் பெயர் கூடாது, புனைபெயர்தான் வைக்க வேண்டும், அதையும் யாரிடமும் சொல்லக் கூடாது என்பது டீச்சரின் கண்டிப்பான கட்டளை. ரூபினி 'கொழுந்து' என்று பெயர் வைத்துக்கொண்டாள்.

செம்பாறைத் தோட்டத்துக்கும் அதில் ஒரு பக்கம் இருந்தது. மலை எவ்வளவு உயரம், எவ்வளவு குளிர், சுற்றுலா வருகிறவர்கள் எங்கே உட்கார்ந்து தேநீர் குடிக்கலாம் என்பதோடு அது முடிந்துவிட்டது. தோட்டத்தில் மனிதர்கள் இருக்கிறார்கள் என்றே அந்தப் பக்கத்துக்குத் தெரியவில்லை.

ரூபினிக்குப் பொறுக்கவில்லை. அவள் அப்பா லோகேஸ்வரன் கொழுந்து லோரி ஓட்டுகிறவர். தினமும் பறித்த தேயிலையை ஆலைக்குக் கொண்டுபோகும் அந்த லோரிதான் திருவிழா அன்று தேராகிவிடும். அதைப் பற்றி எழுதாமல் விட்டால் எப்படி?

அப்பாவின் போனை வாங்கி ஒரே ஒரு வரி சேர்த்தாள்: 'கொழுந்து லோரியைத் தேராக அலங்கரிக்கும் வழக்கம் மாரியம்மன் திருவிழாவில்தான் முதலில் தொடங்கியது.'

மறுநாள் பார்த்தால் மாரியம்மன் இருந்த இடத்தில் அந்தோணியார் இருந்தார். மாற்றியவர் பெயர் 'மலைப்பனி'. ரூபினி திருப்பி மாற்றினாள். மலைப்பனி அதையும் மாற்றியது. நான்கு நாளாக இந்தக் கயிறு இழுக்கும் போட்டிதான்.

பள்ளி ஓய்வு நேரத்தில் கேத்லீனிடம் சொல்லிப் புலம்ப வேண்டும் போல ரூபினிக்கு வாய் துறுதுறுத்தது. ஒரே பெஞ்சில் உட்கார்ந்து, கிழங்கு வைத்துப் பொரித்த ஒரு கறிபாப்பை ஆளுக்குப் பாதியாகத் தின்னும் தோழிகள் அவர்கள். ஆனால் டீச்சரின் கட்டளை இருக்கிறதே. கேத்லீனும் நான்கு நாளாக எதையோ சொல்ல வந்து மென்று விழுங்கிக்கொண்டிருந்தாள். கறிபாப்பைச் சொல்லவில்லை.

ஐந்தாம் நாள் அந்தப் பக்கத்தையே பூட்டிவிட்டார்கள். கலைக்களஞ்சியத்தின் நிர்வாகி ஒருவர் மேலே அறிவிப்பு வைத்திருந்தார்: 'இருவரும் மாற்றி மாற்றி அழிப்பதை நிறுத்திவிட்டு உரையாடல் பக்கத்தில் பேசுங்கள். ஏழு நாளில் அச்சில் வந்த சான்று தராவிட்டால் இந்த வரி முழுவதும் நீக்கப்படும்.'

வரி போனால் லோரியும் போகும். பிறகு அந்தப் பக்கத்தில் மிஞ்சுவது குளிரும் தேநீரும்தான்.

ரூபினி உரையாடல் பக்கத்தில் அவசரமாக எழுதினாள். லோரியின் முன்பக்கம் இரண்டு இரும்பு வளையங்கள் உண்டு, அவை வாழைமரம் கட்டுவதற்காகவே வைத்தவை, ஆகவே கோயில் திருவிழாதான் முதலில் என்று அடித்துச் சொன்னாள்.

கொஞ்ச நேரத்தில் பதில் வந்தது. 'அவை கொடிக்கம்பு செருக வைத்த வளையங்கள். அதில் வலப்பக்க வளையம் போன மாதம்தான் வளைந்தது. தெரியாவிட்டால் போய்ப் பாருங்கள்.'

ரூபினி திகைத்துப் போனாள். வளையம் வளைந்தது வெளியூர்க்காரருக்கு எப்படித் தெரியும்? அப்படியானால் மலைப்பனி இந்தத் தோட்டத்திலேயே இருக்கிறது. யாராக இருக்கும்? கோபத்தைவிட அந்தக் கேள்விதான் அவளை அதிகமாகக் குடைந்தது.

மறுநாள் மாலை, கொழுந்து நிறுக்கும் கொட்டகைக்கு லோரி வந்ததும், வளையத்தில் கட்டிப் பார்க்க ஒரு கயிற்றை எடுத்துக்கொண்டு ஓடினாள். அங்கே ஏற்கெனவே ஒருத்தி மண்டி போட்டு, வளையத்துக்குள் துடைப்பக் கம்பைச் செருகிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கேத்லீன்!

"நீயா மலைப்பனி?" என்றாள் ரூபினி.

கேத்லீன் அவள் கையிலிருந்த கயிற்றைப் பார்த்தாள். "அப்ப கொழுந்து நீதானா? நாலு நாளா நான் எழுதுனத அழிச்சிட்டு, என் கறிபாப்ப எப்படிலா தின்ன?"

"நீயும்தான் அழிச்ச."

இருவருக்கும் முகம் சிவந்துவிட்டது. லோரியை விட்டு இறங்கிய லோகேஸ்வரன் விஷயத்தைக் கேட்டார். கயிற்றையும் கம்பையும் பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார்.

"வாழமரமும் இல்ல, கொடியும் இல்ல. லோரி சேத்துல மாட்டுனா கட்டி இழுக்கறதுக்குலா அது. செய்யும்போதே வச்சி அனுப்புனது."

இரண்டு பேருக்கும் மூக்கு உடைந்தது. காலிக் கூடைகளின் மேல் உட்கார்ந்தார்கள்.

ரூபினிதான் முதலில் வாய் திறந்தாள். "நெசமா சொல்லு. யாரு மொதல்ல ஆரம்பிச்சாங்கன்னு ஒனக்குத் தெரியுமா?"

"தெரியாது. எங்க வீட்ல அப்படித்தான் சொல்வாங்க. ஒனக்கு?"

"எங்க வீட்லயும் அப்படித்தான் சொல்வாங்க."

ரூபினி கயிற்றை விரலில் சுற்றிச் சுற்றி யோசித்தாள். "அப்ப 'முதலில்'ங்கிற வார்த்தைக்குத்தான் இவ்ளோ சண்ட. நமக்குத் தெரியாதத எடுத்துருவோம். தெரிஞ்சத மட்டும் எழுதலாம். ஒன் திருவிழாவ நான் எழுதறேன், என்னோடத நீ எழுது."

"அது எதுக்கு?"

"நான் எழுதுனா எங்களோடத பெருசாக்கிருவேன்லா. நீயும் அப்படித்தான் செய்வ."

கேத்லீனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

சான்றைத் தேடி இருவர் வீட்டு அலமாரிகளையும் குடைந்தார்கள். வீட்டுக்கொரு நாளிதழ்த் துண்டு கிடைத்தது. ஒன்றில் மாரியம்மன் ஊர்வலம், இன்னொன்றில் அந்தோணியார் ஊர்வலம். எது முதலில் என்று இரண்டிலும் இல்லை. இரண்டு படத்திலும் லோரி ஒன்றே, ஓட்டுகிறவரும் ரூபினியின் அப்பாவேதான்.

பிறகு ரூபினி கேள்விமேல் கேள்வி கேட்டாள். உங்கள் ஊர்வலத்தில் என் அப்பா ஏன் ஹாரனே அடிப்பதில்லை? எல்லோரும் பாடிக்கொண்டே நடப்பதால், ஹாரன் அடித்தால் பாட்டு நின்றுவிடும் என்றாள் கேத்லீன். மெழுகுவர்த்தி காற்றில் அணையாதா? அதற்குத்தான் பால் டின்னை வெட்டி மறைப்பு வைக்கிறார்கள். ரூபினி எல்லாவற்றையும் எழுதிக்கொண்டாள்.

கேத்லீன் கேள்வியே கேட்கவில்லை. கோயில் லோரிக்குப் பூ எங்கிருந்து வருகிறது என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். பக்கத்து ஊரான திரிங்காப்பில் ஒரு பூந்தோட்டத்தில் வேலை செய்யும் அவள் அப்பா லூயிஸ்தான் வருடாவருடம் செவ்வந்தியைக் கட்டுக்கட்டாகக் கொண்டுவந்து கொடுக்கிறார்.

ரூபினிக்கு வெட்கமாக இருந்தது. எத்தனை வருடம் அந்தப் பூக்களைப் பார்த்திருக்கிறாள், யார் கொடுத்தது என்று ஒருநாளும் கேட்டதில்லை.

நாளிதழ்களின் பெயரையும் தேதியையும் சேர்த்து இருவரும் உரையாடல் பக்கத்தில் எழுதிப் போட்டார்கள். கெடு முடிவதற்கு ஒருநாள் முன்பு நிர்வாகி பூட்டைத் திறந்து, அவர்கள் எழுதியதைப் பக்கத்தில் சேர்த்துவிட்டார். லோகேஸ்வரன் அதை இரண்டு முறை மெதுவாக வாசித்தார். மூன்றாவது முறை சத்தமாகவே வாசித்தார்.

"நம்ம லோரிலா," என்றார்.

இரண்டு நாள் யாரும் அந்த வரிகளைத் தொடவில்லை. மூன்றாம் நாள் கேத்லீன் மூச்சிரைக்க ஓடி வந்தாள். அதே மலையில் இருக்கும் கம்போங் ராஜா என்ற ஊரிலிருந்து யாரோ புதிதாக ஒரு வரி சேர்த்திருந்தார்கள்: 'லோரியைத் தேராக்கும் வழக்கம் எங்கள் தோட்டத்தில்தான் முதலில் தொடங்கியது.'

ரூபினியின் விரல் அழிக்கும் பொத்தான்வரை போய்விட்டது. அப்படியே நின்று கேத்லீனைப் பார்த்தாள். இருவரும் சிரித்துவிட்டார்கள்.

போனை நடுவில் வைத்து, உரையாடல் பக்கத்தைத் திறந்து, சேர்ந்தே தட்டினார்கள்: 'வணக்கம். உங்கள் லோரியை எப்படி அலங்கரிப்பீர்கள்? எங்களுக்குச் சொல்லுங்களேன்.'