கட்டுக்குள் இருந்த கருங்குழி

கருங்குழிப் படிப்பகத்தின் ஒரு மூலை முழுக்கப் பழைய செய்தித்தாள் கட்டுகள். கூரையைத் தொட்டுவிடுவேன் என்பதுபோல உயர்ந்து நின்றன.

"பழைய பேப்பர்காரர் இன்னைக்கு வந்து எடுத்துகினு போயிடுவாரு. அந்த இடத்துல உங்களுக்குக் கம்ப்யூட்டர்!" என்றார் படிப்பகத்தைப் பார்த்துக்கொள்ளும் சுப்பிரமணி.

ஐந்தாம் வகுப்புக் கீர்த்தனாவுக்கு ஒரே குஷி. கட்டுகளை வாசலுக்கு இழுத்துவர அவள்தான் முதல் ஆள்.

இழுத்த வேகத்தில் ஒரு கட்டின் கயிறு அறுந்தது. தாள்கள் பொலபொலவென்று சரிந்தன. அப்பளம்போல நொறுங்கும் ஒரு பழுப்புத் தாளில், அட, இதே படிப்பக வாசலின் படம்! பெண்கள் சிலர் கையில் செய்தித்தாளோடு நின்றார்கள்.

"படிப்பகத்தில் பெண்களுக்கும் நேரம். கருங்குழிப் பெண்களுக்கு வெற்றி" என்றது தலைப்பு.

"மாமா, அப்போ பொம்பளைங்க உள்ள வரக் கூடாதா?"

"சட்டம்லாம் இல்ல. ஆனா பெஞ்சு பூரா ஆம்பளைங்க. யாரு எழுந்து இடம் குடுப்பா?"

படத்தின் கீழே பெயர்கள் இருந்தன. கடைசிப் பெயர், 'டிபன் கடை ருக்மணி'. எதிரில் இருக்கும் டிபன் கடை இப்போது ஜெகதாம்பாளுடையது. கீர்த்தனா தாளை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு தெருவைக் கடந்தாள்.

"இன்னா கண்ணு, வடையா?"

"இல்ல அத்தை. இதைப் பாருங்க."

ஜெகதாம்பாள் மாவுக் கையைத் துடைத்துக்கொண்டு கண்ணாடியை மாட்டினார். பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். எண்ணெயில் வடை கறுத்துக்கொண்டிருந்தது.

"எங்கம்மா..." என்றார் மெதுவாக. "வூட்ல அம்மா போட்டோ ஒண்ணுகூட இல்ல கண்ணு. வெள்ளத்துல எல்லாம் போயிடுச்சி. முகமே மறந்துகினு வந்துச்சி."

"உங்கம்மா நிறையப் படிப்பாங்களா?"

"எழுத்தே தெரியாது! யாராவது படிச்சா காது குடுத்துக் கேக்கும். அதுக்குத்தான் தினம் போய் வாசல்ல நிக்கும்."

சொல்லிவிட்டுச் சிரித்தார். கண் மட்டும் கலங்கியிருந்தது.

அப்போது படிப்பக வாசலில் மூன்று சக்கர வண்டி வந்து நின்றது. பேப்பர்காரர் ரஞ்சித்குமார் தராசோடு இறங்கினார்.

கீர்த்தனா ஜெகதாம்பாளின் கையைப் பிடித்து இழுத்தாள். "அத்தை, வாங்க! மத்த கட்டுல யார் யாரோட அம்மா இருக்காங்களோ!"

ஜெகதாம்பாள் அடுப்பை அணைத்தார். இருவரும் ஓடினார்கள்.

"மாமா, எடை போட வேணாம்!"

"இன்னாம்மா நீ? கம்ப்யூட்டர் வேணும்னு நச்சரிச்சதே நீதானே? இடத்துக்கு எங்க போவேன்?"

அதுவும் நியாயம்தான். கீர்த்தனா ஒரு நிமிடம் யோசித்தாள்.

"நம்ம ஊர் பேர் இருக்கிற பேப்பரை மட்டும் எடுத்து வைப்போம். மீதி போகட்டும். அதுக்கு ஒரு அலமாரி போதும் மாமா."

"இவ்ளோ பேப்பர்ல யாரு தேடுறது?"

"நான் தேடுறேன்" என்று முந்தானையை இழுத்துச் செருகினார் ஜெகதாம்பாள். தெருப்பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தார். "ஏ பார்த்திபா! ஆட்டோவ ஓரம் கட்டிட்டு வா!"

பார்த்திபன் வந்தார். அவரைப் பார்த்து இன்னும் நாலு பேர் வந்தார்கள். ஆளுக்கொரு கட்டைப் பிரித்தார்கள்.

"ஐயோ, எங்க நைனா! நாடகத்துல ராஜா வேஷம். மீசையப் பாரு, முகத்தையே காணோம்!" என்று பார்த்திபன் அப்பாவின் படத்தைக் காட்டிக் கத்தினார்.

சுப்பிரமணியும் சும்மா ஒரு தாளைப் புரட்டினார். சட்டென்று மடித்துக் கக்கத்தில் வைத்தார். கீர்த்தனா விடுவாளா? வாங்கிப் படித்தாள்.

"பள்ளி ஓட்டப் பந்தயம். இரண்டாம் பரிசு, சுப்பிரமணி. மாமா, ஃபர்ஸ்ட் வந்தேன்னு சொன்னீங்களே?"

"பிரின்ட் பண்ணவன் தப்பாப் போட்டுட்டான்" என்றார் அவர். படிப்பகமே சிரித்தது.

"அத்தை, பேப்பர் இங்கயே பத்திரமா இருக்கட்டும். உங்கம்மா படத்தை ஸ்டூடியோல பெருசாப் போட்டுக்கலாம்" என்றாள் கீர்த்தனா. ஜெகதாம்பாள் அவள் கன்னத்தைத் தடவினார். கன்னமெல்லாம் பேப்பர் தூசி.

வாசலில் காத்திருந்த ரஞ்சித்குமார் தயங்கித் தயங்கி உள்ளே எட்டிப் பார்த்தார்.

"பாப்பா, எனக்குச் சொந்த ஊரு பக்கத்துல படாளம். எங்க ஊர் சேதி எதுனா இருக்குதா?"

"தேடினாத்தானே தெரியும், அண்ணா!"

ரஞ்சித்குமார் தராசை வண்டியிலேயே போட்டுவிட்டு வந்து, ஒரு கட்டைப் பிரிக்க உட்கார்ந்தார்.