போஸ்டரில் பெரிய முகம்

தேங்காய் குடோனின் ஷட்டர் தடதடவென்று இறங்கியது.

தாடிக்காரன் அமிர்தராஜின் கழுத்தில் அரிவாளை வைத்தான்.

"கத்தாதீங்க. வெட்டிப்போடுவேனுங்க."

கொலை மிரட்டலிலும் மரியாதை குறையவில்லை. கிணத்துக்கடவு ஆள்தான்.

"எதுக்குங்க என்னைய சலூன்ல இருந்து தூக்கிட்டு வந்து..."

"பத்து மணிக்கு பேரூராட்சித் துணைத் தலைவர் தேர்தல். கண்ணையா அண்ணனை எதுத்து நீங்க ஒருத்தர்தான். நீங்க வராட்டி போட்டியே இல்லீங்க."

அமிர்தராஜுக்கு வியர்த்தது. உயிர் பிழைக்க ஒரே வழி, உண்மையைச் சொல்வது. அதற்குத்தான் நாக்கு எழவில்லை.

"நான்... கவுன்சிலர் இல்லீங்க."

"கார்ல போர்டு இருக்குதே?"

"அது சும்மா..."

"போஸ்டர்ல ஆள் உசரத்துக்கு உங்க மூஞ்சிதான?"

"மூலையில சின்னதா ஒரு போட்டோ இருக்குமுங்க. எம்பட ஊட்டுக்காரி சாராள். லேடீஸ் வார்டு. ஜெயிச்சது அவதானுங்க."

சொன்னதும் தலை தொங்கிவிட்டது. மூன்று வருடமாய் அவள் நாற்காலியில் உட்கார்ந்தவன். அவள் கையெழுத்தையும் போட்டவன். ஒரு அடியாள் முன்னால் அதை ஒப்புக்கொள்ள வெட்கம் பிடுங்கித் தின்றது.

தாடிக்காரனின் செல்போன் அலறியது.

"யாரைடா தூக்குன?" ஸ்பீக்கரில் கண்ணையாவின் குரல். "இங்க சாராள் ஜெயிச்சு மாலையே போட்டாச்சு. இன்ஸ்பெக்டர் வேற என்னைப் புடிச்சு..."

லைன் கட்!

சற்று நேரத்தில் ஷட்டர் மேலேறியது. போலீஸ் தாடிக்காரனை அமுக்கியது. பின்னால் மாலையும் கழுத்துமாக சாராள்.

பழக்கதோஷம்... அமிர்தராஜின் கை அந்த மாலைக்கு நீண்டது. பாதியில் கூசிப்போய்த் திரும்பிக்கொண்டது.

"நான் சலூன்ல இருந்ததை இவனுககிட்ட யாரு சொன்னது சாராள்?"

"நான்தானுங்க."

"நீயா!"

"காலைல போன் வந்துச்சுங்க. கவுன்சிலர் எங்கேன்னு ஒரு முரட்டுக் குரல். கவுன்சிலர்னு யாரு கேட்டாலும் உங்களைக் கைகாட்டச் சொல்லியிருக்கீங்களே."

"சந்தேகம் வரலையா?"

"வந்துச்சுங்க. ஓட்டு எண்ணுன கையோட இன்ஸ்பெக்டர்கிட்ட சொல்லிப்போட்டேன்."

"முன்னாடியே சொல்லியிருக்கலாமே..."

"நீங்க வந்திருந்தா எம்பட நாற்காலில நீங்கதான உக்காந்திருப்பீங்க?"

கான்ஸ்டபிள்கள் சிரிப்பை அடக்குவது தெரிந்தது. அமிர்தராஜ் தரையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

சாராளுக்குப் பாவமாக இருந்தது. அருகில் வந்தாள்.

"வெசனப்படாதீங்க. நன்றி போஸ்டர்ல உங்க போட்டோவும் போடச் சொல்லியிருக்கறேன்... மூலையில."