பதினோராவது பொட்டு

எபினேசரின் ஒர்க் ஷாப்புக்கும் என் லேத் பட்டறைக்கும் நடுவில் இருப்பது ஒரு ரோடு. கவரைப்பேட்டையிலிருந்து சத்தியவேடு போகும் ரோடு. லாரி வராத நேரமாகப் பார்த்துக் கடந்தால் முப்பது அடி. அந்த முப்பது அடியை நான் ஒரு வருடமாகக் கடக்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை பகல் பன்னிரண்டு மணிக்குக் கடந்தேன். அவனே வந்து கூப்பிட்டிருந்தான். சர்ச்சுக்குப் போட்ட வெள்ளைச் சட்டையோடு என் வாசலில் நின்று, "தேசப்பா, இன்னிக்கு அந்த வண்டியப் பிரிக்கப் போறேன். நீ கூட இருக்கணும்" என்றான். தலையை மட்டும் ஆட்டினேன்.

அந்த வண்டி அவனுடைய சொந்த வண்டி. பழைய டர்போ டீசல் கார். ஒரு வருடமாக ஷெட்டின் பின்பக்கம் தார்ப்பாய் போர்த்திக் கிடந்தது. அதில்தான் அவன் மனைவி ஆரோக்கியமேரி செத்துப்போனாள்.

மேரியைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது. அவள் ஆர்.சி., அவன் சி.எஸ்.ஐ. எந்தச் சர்ச்சுக்குப் போவது என்று இருபது வருடம் சண்டை போட்டுக்கொண்டே, ஒரே ஸ்கூட்டரில் போய் வேறு வேறு வாசலில் இறங்கிக்கொண்டவர்கள். ஒர்க் ஷாப்பில் அவனுக்கு வலது கை அவள்தான். இன்ஜினின் மேல்பாகத்தை, அதாவது ஹெட்டை, பிளாக்கின் மேல் வைத்துப் பத்து போல்ட் போட்டு முறுக்க வேண்டும். நடுவில் ஆரம்பித்து ஓரத்துக்குப் போக வேண்டும். வரிசை மாறக் கூடாது, ஒன்றுகூட விடக் கூடாது. அவன் ஒவ்வொரு போல்ட்டாகக் கடைசி முறுக்கு முறுக்க, மேரி அதன் எண்ணைச் சொல்லி, போல்ட் தலையில் தன் சிவப்பு நெயில் பாலிஷால் ஒரு பொட்டு வைப்பாள். இதற்கென்று அவன் வாங்கிக் கொடுத்த பெயின்ட் பேனாவை, காய்ந்து காய்ந்து போகிறது என்று தூக்கிப் போட்டுவிட்டாள். கடைசிப் பொட்டு வைத்ததும், "பத்து. ஆமென்" என்பாள். ரோட்டுக்கு இந்தப் பக்கம் எனக்குக் கேட்கும். கேட்டால் அந்த வண்டி ஓடிவிடும் என்று அர்த்தம்.

கேஸ்கெட் போன நிலையில் சல்லிசாகக் கிடைத்தது என்று அந்தக் காரை வாங்கி வந்தான். கேஸ்கெட் என்பது ஹெட்டுக்கும் பிளாக்குக்கும் நடுவே உட்காரும் மெல்லிய தகடு. அது போனால் தண்ணீரும் ஆயிலும் கலந்து மோராகிவிடும், இன்ஜின் கொதித்து நின்றுவிடும். அவன் புதுத் தகடு போட்டு வண்டியை ஓட்டினான். இருபது நாள் நன்றாகவே ஓடியது. இருபத்தோராவது நாள் மத்தியானம் மேரிக்கு வீசிங் வந்தது. அடிக்கடி வருவதுதான், அன்று மட்டும் மருந்துக்கு அடங்கவில்லை. சொந்த வண்டி இருக்கிறதே என்று மெட்ராஸ் பக்கம் கிளப்பிக்கொண்டு போனான். பஞ்செட்டி தாண்டியதும் வண்டி வெள்ளைப் புகையைக் கக்கி நின்றுவிட்டது. இன்னொரு வண்டி வந்து நிற்பதற்குள் மேரி அவன் தோளிலேயே சாய்ந்து போய்விட்டாள்.

போல்ட் முறுக்கிய அன்று இருவருக்கும் சண்டை. மகள் கிறிஸ்டினாவை நர்சிங் படிக்க வேலூருக்கு அனுப்புவதா வேண்டாமா என்று. மேரி கோபத்தில் வாய் திறக்காமல் பொட்டு வைத்தாள். எண்ணவில்லை. ஆமென் சொல்லவில்லை. அதனால், ஏதோ ஒரு போல்ட்டை முறுக்காமல் விட்டுவிட்டேன் என்று அவனாகவே முடிவுகட்டிக்கொண்டான். அடக்கத்தன்று மகளிடமும் அதையே சொன்னான். "நான் உட்ட ஒரு போல்ட்டுதான் உங்கம்மாவ சாவடிச்சிச்சு." கிறிஸ்டினா அப்பனோடு பேச்சை நிறுத்தினாள். வேலூருக்குப் போனவள் கிறிஸ்துமஸுக்குக்கூட வரவில்லை.

அவன் வண்டியைப் பிரிப்பது, எந்த போல்ட் என்று பார்க்க. பார்த்து மகளிடம் சொல்லி மன்னிப்புக் கேட்க. அதற்கு மேல் அவனுக்கு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

எந்த போல்ட்டும் இல்லை என்பது எனக்குத் தெரியும்.

அந்த ஹெட்டின் அடிப்பரப்பைச் சமமாகச் சீவிக் கொடுத்தவன் நான். பேஸிங் என்பார்கள். கண்ணாடி மாதிரி இருக்க வேண்டும். பாதி வெட்டில் கரண்டு போய்விட்டது. திரும்ப வந்ததும் விட்ட இடத்திலிருந்து ஓட்டினேன். முடிந்ததும் ஆள்காட்டி விரல் நகத்தைப் பரப்பின் மேல் ஓட்டிப் பார்த்தேன். இரண்டாவது சிலிண்டருக்கும் மூன்றாவதுக்கும் நடுவில் நகம் லேசாகத் தட்டியது. மறுபடி முதலிலிருந்து சீவியிருக்க வேண்டும். ஒரு கம்பெனிக்காரன் அவசர வேலையோடு வாசலில் நின்றான். கேஸ்கெட் அடைத்துக்கொள்ளும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு கொடுத்துவிட்டேன். டர்போ வண்டியின் அழுத்தம் அந்தக் குறையைப் பொறுக்காது என்பது தெரியாதவன் இல்லை நான். வேறு யார் சீவிக் கொடுத்தாலும் எபினேசர் ஸ்கேல் வைத்துச் சமமா என்று சோதிப்பான். "நீ குட்த்தா இன்னாத்துக்குப்பா பாக்கணும்" என்பான். அன்றும் பார்க்கவில்லை.

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாள் என்பார்கள். நான் புளுகவில்லை, வாயை மூடிக்கொண்டிருந்தேன். அது ஒரு வருடம் ஓடியது.

ஷெட்டுக்குள் வெக்கை. ஞாயிற்றுக்கிழமையானதால் எந்தப் பட்டறையிலும் சத்தம் இல்லை. டர்போவுக்குப் போகும் குழாய்களையெல்லாம் அவன் ஏற்கெனவே கழற்றி வரிசையாக அடுக்கியிருந்தான். இன்ஜினின் மேல்மூடியைக் கழற்றியதும் உள்ளே புளித்த மோர் மாதிரி ஆயில் அப்பிக்கிடந்தது. கெட்ட நாற்றம். அதற்குள் இன்னொரு வாசனை இருந்தது.

நெயில் பாலிஷ்.

எங்கள் ஊரில் வாசனையை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. கும்மிடிப்பூண்டிப் பக்கமிருந்து காற்று அடித்தால் நாளுக்கு ஒரு கெமிக்கல் மணக்கும். அப்படி நினைத்துக்கொள்ளத்தான் பார்த்தேன். வாசலில் புங்கமரத்தின் ஒரு இலைகூட அசையவில்லை.

எபினேசர் துணியால் ஒவ்வொரு போல்ட் தலையையும் துடைத்தான். ஒரு சிவப்புப் பொட்டு. அடுத்தது. அடுத்தது. பத்தாவதைத் துடைத்துவிட்டுத் துணியை அப்படியே கீழே போட்டான்.

பத்திலும் பொட்டு இருந்தது.

"முறுக்காத போல்ட்டுக்குப் பொட்டு வைக்க மாட்டா தேசப்பா. எவ்ளோ கோவம் இருந்தாலும் வைக்க மாட்டா."

எனக்குத் தெரியும் என்று சொல்ல அதுதான் நேரம். சொல்லவில்லை. அவன் நீளமான ரென்ச்சை எடுத்து, ஓரத்திலிருந்து நடுவுக்குப் போல்ட்டுகளைத் தளர்த்தத் தொடங்கினான். முதல் போல்ட் டக்கென்று சத்தம் போட்டுத் தளர்ந்தது. நல்ல இறுக்கம்.

"பத்து" என்றது ஒரு குரல்.

மிகவும் மெல்ல. மூச்சு வாங்கிக்கொண்டு. வீசிங் உள்ளவர்கள் பேசுவார்களே, அப்படி.

எபினேசர் திரும்பாமல் கேட்டான். "நீயா எண்ணறே?"

"இல்ல."

அவன் அடுத்ததில் ரென்ச்சை மாட்டினான். டக்.

"ஒம்போது."

அவன் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. துடைக்கவும் இல்லை, நிறுத்தவும் இல்லை. நிறுத்தினால் குரலும் நின்றுவிடும் என்று பயந்தான் என நினைக்கிறேன். எட்டு. ஏழு. குரல் அவன் பக்கத்திலிருந்து, அவள் எப்போதும் நிற்கும் இடத்திலிருந்து வந்தது. நான் எதிர்ப்பக்கம் நின்றிருந்தேன். நாலு. மூணு.

இரண்டு என்றபோது குரல் என் காதுக்கு அருகில் இருந்தது.

ஒன்று என்று அவள் சொல்லவில்லை.

கடைசி போல்ட் கழன்றது. ஆளுக்கு ஒரு பக்கம் பிடித்து ஹெட்டைத் தூக்கினோம். பெஞ்சின் மேல் மல்லாத்தி வைத்தோம். கேஸ்கெட் தகடு நடுவில் கருகியிருந்தது. ஹெட்டின் பரப்பில் இரண்டாவது சிலிண்டருக்கும் மூன்றாவதுக்கும் நடுவே, நெருப்பு வழி தேடிப் போன கறுப்புத் தடம்.

அந்தத் தடத்தின் மேல் ஒரு சிவப்புப் பொட்டு.

ஒரு வருடமாகப் பத்து போல்ட்டின் இறுக்கத்தில் மூடிக்கிடந்த இடம். ஒரு மயிர்கூட உள்ளே போக முடியாது. என் நகம் தட்டிய அதே இடம். எபினேசர் விரலால் தொட்டான். விரலில் சிவப்பு ஒட்டிக்கொண்டு வந்தது.

ஈரம்.

அவன் விரலைப் பார்த்தான். ஹெட்டைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். வேலை தெரிந்தவனுக்கு விளக்கம் சொல்ல வேண்டியதில்லை. இருந்தாலும் சொன்னேன். கரண்டு போனது, நகம் தட்டியது, கம்பெனிக்காரன் நின்றது, ஒரு வருடம் வாயைத் திறக்காதது, எல்லாவற்றையும். அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அவ உன்ன அண்ணான்னுதான் கூப்புடுவா" என்றான்.

அதற்கு மேல் அதைப் பற்றி அவன் இன்றுவரை ஒரு வார்த்தை சொன்னதில்லை. தன் போனை எடுத்து, மகளின் எண்ணைப் போட்டு என் கையில் கொடுத்தான். தான் கூப்பிட்டால் எடுக்க மாட்டாள் என்று பழகிப்போனவன். அன்று என்னவோ எடுத்துவிட்டாள். நான் யார் என்று சொல்லி, செய்ததைச் சொன்னேன். அவள் முழுக்கக் கேட்டுக்கொண்டாள். பிறகு கிறிஸ்டினா, "போன அப்பாகிட்ட குடுங்க மாமா" என்றாள். அவள் மாமா என்று கூப்பிட்டது அதுதான் கடைசி. நான் போனைக் கொடுத்துவிட்டு வெளியே வந்து புங்கமரத்தடியில் உட்கார்ந்து அழுதேன். மேரிக்காக அழுதேனா எனக்காகவா என்று இன்னும் தெரியவில்லை.

சாயங்காலம் எபினேசர் ஹெட்டைத் தூக்கிவந்து என் வாசலில் வைத்தான். "ஒயுங்கா பண்ணிக்கினு வா" என்றான்.

அன்றே மெஷினில் ஏற்றினேன். வெட்டு முடிந்து துடைத்தபோது பொட்டு அதே இடத்தில் இருந்தது. ஸ்கேலை வைத்து, அதன் அடியில் இடைவெளி பார்க்கும் ஃபீலர் தகட்டைச் செருகிப் பார்த்தேன். நுழைந்தது. இன்னும் பள்ளம். மறுபடி சீவினேன். மறுபடி பொட்டு, முன்னதைவிடச் சின்னதாக. மூன்றாவது வெட்டில் பொட்டு வரவில்லை. தகடும் நுழையவில்லை. ஹெட்டைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். எபினேசர் வாங்கி பெஞ்சின் மேல் வைத்து, என் கண் முன்னால் ஸ்கேலை எடுத்து அதன் மேல் வைத்துப் பார்த்தான். இருபது வருடத்தில் முதல் தடவை. நியாயம்தான். ஆனாலும் அந்த ஸ்கேல் என் நெஞ்சின் மேல் வைத்த மாதிரி இருந்தது.

புதுக் கேஸ்கெட்டும் புது போல்ட்டுகளும் வாங்கிவந்து, அடுத்த சனிக்கிழமை காலை அவன் ஹெட்டை ஏற்றினான். என்னைக் கூப்பிடவில்லை. ரோட்டுக்கு இந்தப் பக்கம் பட்டறை வாசலில் நின்றுகொண்டிருந்தேன். அவன் முறுக்குவது தெரிந்தது. கூடவே ஒரு பெண் குரல் எண்ணுவதும் கேட்டது. ஒண்ணு, ரெண்டு என்று, அவசரமில்லாமல். கிறிஸ்டினா வந்துவிட்டாள், அம்மா இடத்தில் நின்றுவிட்டாள் என்று நினைத்து நெஞ்சு குளிர்ந்தது.

"பத்து" என்றது குரல். "ஆமென்."

அப்போது ரோட்டில் பஸ் வந்து நின்றது. கிறிஸ்டினா ஒரு பையோடு அதிலிருந்து இறங்கினாள்.

அவள் என்னைப் பார்க்காமல் ரோட்டைக் கடந்து ஷெட்டுக்குள் ஓடினாள். அப்பனும் மகளும் அழும் சத்தம் ரோடு முழுக்கக் கேட்டது. பிறகு வண்டி கிளம்பும் சத்தம். வெள்ளைப் புகை இல்லை. இப்போதும் அந்தக் கார் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. மேரியின் நினைவு நாளுக்கு இருவரும் அதில் ஆர்.சி. சர்ச்சுக்குப் போகிறார்கள். எபினேசர் வேலையை வேறு லேத்துக்குக் கொடுக்கிறான். எதிரில் பார்த்தால் தலை ஆட்டுவான்.

என் பட்டறைக்கு வரும் எந்த ஹெட்டிலும் குறை இருந்தால் அந்த இடத்தில் இப்போது சிவப்புப் பொட்டு வருகிறது. தின்னர் போட்டுத் துடைத்தால் போகாது. சரியாகச் சீவினால்தான் போகும். பொட்டு மறையாத ஹெட்டை நான் வெளியே அனுப்புவதில்லை. இந்தச் சுற்றுவட்டாரத்தில் என் பேஸிங்தான் சுத்தம் என்று பேர் வாங்கிவிட்டேன்.

ஒவ்வொன்றும் முடிந்ததும் மெஷினை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டு நிற்கிறேன், அந்த ஒரு சொல்லுக்காக. நெயில் பாலிஷ் வாசனை என் பக்கத்திலேயே இருக்கும். மூச்சு வாங்கும் சத்தமும் கேட்கும்.

ஆமென் மட்டும் அவள் எனக்குச் சொன்னதில்லை.