வீரய்யாவுக்குக் கட் சொல்லப் போனது

கட்டுக்கலைப் பிள்ளையார்மேல் சத்தியம். இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை.

ஹந்தானை வீரய்யாவை நீங்கள் படங்களில் பார்த்திருக்கிறீர்கள், முகத்தை அல்ல. இருபத்து மூன்று வருடம், நாற்பத்தொரு படம். கதாநாயகனுக்குப் பதிலாகக் கூரையிலிருந்து விழுந்தவர் அவர். கதாநாயகிக்குப் பதிலாகச் சேலை கட்டிக்கொண்டு அருவியில் விழுந்தவரும் அவர்தான். முகம் கமராவில் படக்கூடாது. பட்டால் மறுபடி விழவேண்டும். விழுந்தபின் "கட்" என்று குரல் வரும்வரை அசையவும் கூடாது.

அந்தக் குரல் என்னுடையது. உதவி இயக்குநர் என்று பெயர், கத்துவதுதான் உத்தியோகம்.

போன வருடம், மூடிக்கிடக்கும் பழைய தேயிலை ஆலையின் மேல்மாடியிலிருந்து குதித்தார். தோட்டத்து லயன்களில் குடியிருக்கும் சனம் அதை ஸ்டோர் என்பார்கள். அந்த நொடியில் பனி இறங்கி எல்லாவற்றையும் மூடியது. கமராவைக் காப்பாற்ற ஓடினோம். வீரய்யா முன் வேனில் ஏறிவிட்டார் என்று நினைத்தேன். படப்பிடிப்பு நீண்டுவிட்டதென்று வீட்டிலும் தேடவில்லை.

மறுநாள் காலை, அவர் விழ விரித்திருந்த மெத்தைக்கு ஒரு சாண் தள்ளி, குப்புறக் கிடந்தார்.

நான் கட் சொல்லவேயில்லை.

சென்ற மாதம் அவர் மனைவி கஜலட்சுமி போனில் கோல் எடுத்தார்.

"அண்ணே, பனி இறங்குனா ஸ்டோருக்குள்ள தொப்புனு சத்தம் கேக்குது. இன்னமும் விழுறாரு. நீங்க வந்து அந்தச் சொல்லைச் சொல்லிட்டுப் போங்க. மனுசன் எந்திரிச்சுப் போகட்டும்."

பகல் மூன்று மணிக்குப் போனேன். கஜலட்சுமி ஸ்டோர் வாசலிலேயே நின்றுகொண்டார்.

"நான் வரலண்ணே. உசுரோட இருந்தப்பவே அவர் விழுறத நான் பார்த்ததில்ல."

உள்ளே புளித்த தேயிலைத் தூசியும் ஈர இரும்பும் மணத்தன. உடைந்த ஜன்னல்கள் வழியே பனி மெல்ல ஊர்ந்து வந்தது. என் மூச்சைத் தவிர வேறு சத்தமில்லை.

மேலே ஒரு பலகை முனகியது.

தொப்.

என் காலடியில் ஒரு முதுகு.

"கட்" என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை.

அதற்குக் கேட்டது. மெதுவாக எழுந்தது. முழங்காலைத் தட்டிவிட்டது. பிறகு திரும்பி, இருபத்து மூன்று வருடத்தில் முதல்முறையாக, நேரே பார்த்தது.

"சரியா வந்துச்சாண்ணே?"

ஆமாம் என்று ஒரு சொல். அவ்வளவுதான் அந்த மனிதருக்கு வேண்டியிருந்தது. ஆனால் பழக்கதோஷம், வாய் முந்திக்கொண்டது.

"முகம் தெரிஞ்சிருச்சு வீரய்யா. இன்னொரு டேக்."

அவர் கோபப்படவில்லை. எப்போதும்போல் தலையாட்டிவிட்டுப் போனார். மரப்படிகள் ஒவ்வொன்றாக முனகின.

நான் ஓடினேன்.

"சொல்லிட்டீங்களாண்ணே?" கஜலட்சுமி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"சொல்லிட்டேன்மா."

எனக்குப் பின்னால், பனிக்குள்ளே, தொப்.

வீரய்யா உயிரோடுதான் இருக்கிறார், இப்போது பன்வில டவுனில் கோழிக்கடை வைத்திருக்கிறார். அச்சுக்குக் கொடுக்குமுன் இதை அவருக்கு வாசித்துக் காட்டினேன். பிழை ஒன்றும் சொல்லவில்லை, முடியும்வரை முதுகைக் காட்டியபடியே கேட்டார்.