ஆன்ட்டி வீடு

காலையில் ஜெசிந்தாவுக்கு வந்த முதல் சொல் சுலபமாக இருந்தது. கடலடிச் சுரங்க மேடையில் ஒருவன் இன்னொருவனிடம், "ஐ யாம் டோஸ்ட்" என்று சொல்லியிருந்தான். 'என் கதை முடிந்தது' என்று தட்டினாள். பக்கத்து அறைகளில் மெஹருன்னிசாவும் தணிகைவேலும் அதையே தட்டியிருக்க வேண்டும். திரையில் பச்சை எரிந்தது. மூன்று பேரின் பொருளும் ஒத்துப்போனால் சொல்லுக்கு முத்திரை விழும். அதன்பின் உலகத்தில் யார் அதைச் சொன்னாலும், கேட்பவரின் செவிப்பொருளி அவரவர் மொழியில் பொருளை மட்டும் ஓதும்.

மனிதர்கள் அடுத்தவர் மொழியைக் கற்பதை விட்டு வெகுகாலம் ஆகியிருந்தது. காதில் ஒரு பொட்டுக் கருவி இருக்கும்போது எதற்கு மெனக்கெட வேண்டும்? அந்தக் கருவியைத் தடுக்கி விழவைத்தது ஆங்கிலக் கொச்சை ஒன்றுதான். பொருள் தெரியாத சொல் வந்தால் அது பேசியவனின் குரலிலேயே, பச்சையாக, அப்படியே காதில் விழும். பல நாட்டு ஆட்கள் நெருங்கிக் கிடக்கும் கடல்மேடைகளில் கொச்சை முளைத்துக்கொண்டே இருந்தது. கம்பெனிக்குக் கேட்காமல் பேச அவர்களுக்கு வேறு வழி கிடையாது.

கம்பெனியும் காதில் பூ வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கவில்லை. 'அண்டர் த வெதர்' என்றால் உடம்பு சரியில்லை என்று முத்திரை விழுந்ததும், அதைச் சொன்னவனுக்கெல்லாம் ஊசி போட்டு அன்றைக்கே சுரங்கத்துக்குள் இறக்கினார்கள். அந்த முத்திரையிலும் ஜெசிந்தாவின் கை இருந்தது. சோறு போடும் வேலை என்று அவள் தன்னைத் தேற்றிக்கொண்டாள்.

இரண்டாவது சொல் வந்தபோது அவள் கை அப்படியே நின்றது. 'கமிங் டு ஆன்ட்டீஸ்.'

அவள் புருஷன் கிளீட்டஸ் அதே மேடையில்தான் இருந்தான். கம்பெனி விடுப்பையே நிறுத்துவதற்கு முன் கடைசியாக வந்தபோது, தூத்துக்குடி வீட்டில் மீனை ஆய்ந்துகொண்டே சிரித்தபடி சொல்லியிருந்தான். "ஆன்ட்டின்னா ஒரு போட்டுக்காரன்ட்டி. மியான்மர்க்காரன். மொகத்தப் பாத்தது இல்ல. தண்ணில குதிச்சிட்டு வயர்லெஸ்ல அந்த வார்த்தைய மட்டும் சொல்லணும். நம்ம கொரல்ல அது காதுல விழுந்தா வந்து தூக்கிருவான். வேற எது கேட்டாலும் வர மாட்டான். கம்பெனி பொறியோன்னு பயம்." ஒப்பந்தம் முடியுமுன் மேடையை விட்டு இறங்கியவன் கைதி. ஒப்பந்தமோ சுரங்கம் வற்றினால்தான் முடியும்.

உண்மையைத் தட்டினால் கிளீட்டஸ் மாட்டுவான். தெரியாது என்று தட்டினால் சொல் விசாரணைப் பிரிவுக்குப் போகும். அங்கே மேடை ஆட்களையே பிடித்துவைத்துக் கேட்பார்கள். ஜெசிந்தா எழுந்து தேநீர் அறைக்குப் போனாள். சொற்களைப் பற்றி அங்கே பேசக் கூடாது என்பது அலுவலகத்தின் கண்டிப்பான வழக்கம். மற்ற இருவரும் வரும்வரை காத்திருந்து அதை மீறினாள்.

"அக்கா, ஆன்ட்டின்னு ஒண்ணு வந்திருக்கும். குளிக்கப் போறோம்னு போட்டுருங்க."

மெஹருன்னிசா டம்ளரைக் கீழே வைத்தாள். "உங்க வீட்டுக்காரரா?"

"ஆமாக்கா."

"நான் எதையும் கேக்கல. டீ குடிக்கத்தான் வந்தேன்" என்றார் தணிகைவேல். குடிக்காமலேயே திரும்பிப் போனார்.

சற்று நேரத்தில் பச்சை எரிந்தது. ஜெசிந்தாவுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. மூன்று பேர் சேர்ந்து கம்பெனியின் கண்ணில் மண்ணைத் தூவிவிட்டோம் என்று நினைத்தாள். அன்று வீட்டுக்குப் போகிற வழியில் வாவல் மீன் வாங்கினாள். அது அவனுக்குப் பிடித்த மீன்.

அடுத்த வாரம் அந்தச் சொல் திரும்பி வந்தது. முத்திரை விழுந்த சொல் பொருந்தாத இடத்தில் ஒலித்தால், பொருளைச் சரிபார்க்கச் சொல்லி அதே மூவருக்கும் பதிவை அனுப்புவது இயந்திரத்தின் பழக்கம். குறிப்பு சுருக்கமாக இருந்தது. மேடையை விட்டு வெகுதூரத்தில், திறந்த கடலில், ஒரு தொழிலாளி இதை வயர்லெஸ்ஸில் பலமுறை சொல்லியிருக்கிறார். குளிக்கப் போன நால்வரில் மூவர் கம்பெனிப் படகால் மீட்கப்பட்டனர். பொருள் சரியா?

பதிவை ஓடவிட்டாள். பொருள் சொல்பவர்களுக்கு மட்டும் பச்சைக் குரல் கேட்கும்.

"கமிங் டு ஆன்ட்டீஸ்" என்றான் கிளீட்டஸ். சிரிப்புக்கூட இருந்தது அந்தக் குரலில். கொஞ்சம் விட்டு மறுபடியும் சொன்னான். பிறகு மூச்சு வாங்கியபடி சொன்னான். தூரத்தில் ஒரு படகின் இன்ஜின் நின்ற இடத்திலேயே உறுமிக்கொண்டிருந்தது. அவள் என்ன செய்துவிட்டாள் என்பது அவளுக்கு அப்போதுதான் விளங்கியது. பச்சைக் குரலுக்காகக் காத்திருந்த அந்த போட்டுக்காரனின் காதில், இயந்திரத்தின் வழவழப்பான பர்மியக் குரல் 'நாங்கள் குளிக்கப் போகிறோம்' என்று திரும்பத் திரும்ப ஓதியிருக்கிறது. அவன் இன்ஜினை அணைக்காமல் இருந்து பார்த்துவிட்டுக் கிளம்பியிருக்கிறான். பதிவில் உறுமல் தேய்ந்து போனது. அதன்பின் கிளீட்டஸ் ஒரே ஒரு முறை, வார்த்தையை முடிக்காமல் சொன்னான்.

கதவு திறந்தது. மெஹருன்னிசா நின்றிருந்தாள். அவள் கண்கள் சிவந்திருந்தன. "நாங்க ரெண்டு பேரும் சரின்னு போட்டுட்டோம் ஜெசி. இல்லன்னா பொழச்ச மூணு பேரும் உள்ள போயிருவாங்க."

"சரின்னு போட்டா மூலக்குரல் அழிஞ்சிரும்லக்கா."

"தெரியும்மா. தப்புன்னு போட்டா விசாரணைக்காரங்க கைக்குப் போயிரும்."

ஜெசிந்தா இன்னொரு முறை கேட்டாள். வீட்டுக்கு வந்த அழைப்புகளில் எல்லாம், அவன் தமிழில் பேசினாலும், செவிப்பொருளி அதைத் திருத்தித் தன் குரலில்தான் ஓதியிருந்தது. இத்தனை மாதங்களில் அவனுடைய சொந்தக் குரல் காதில் விழுந்தது இதில்தான். கடைசிச் சொல் பாதியில் நிற்கும் இடம்வரை கேட்டுவிட்டு, 'பொருள் சரி' என்று அழுத்தினாள்.

பச்சை எரிந்தது. மாலையில் கம்பெனியிலிருந்து அழைப்பு வந்தது. திருத்தமான தமிழில் ஒரு குரல் ஆழ்ந்த வருத்தம் தெரிவித்தது. அவள் கணவர் குளிக்கப் போன இடத்தில் இறந்துவிட்டாராம்.

"ஆமா" என்றாள் ஜெசிந்தா. "குளிக்கத்தான் போனாரு."